ஒரே சட்டிப் புளிக்காய்ச்சல்: மென்பொருள் எழுதும் மேல்கோட்டைப் பிள்ளைகளுக்கு

அன்புள்ள பிள்ளைகளுக்கு,

திருநாராயணபுரம் என்கிற நம் மேல்கோட்டையில் பிறந்து, கல்யாணிக் குளத்துப் படிகளில் ஏறி இறங்கி வளர்ந்து, இன்று பெங்களூரிலும் மைசூரிலும் கடல் கடந்தும் உட்கார்ந்து மென்பொருள் எழுதிக்கொண்டிருக்கிறீர்கள். உங்களில் பாதிப் பேரை எனக்குத் தெரியும். மீதிப் பேருடைய தாத்தாக்களைத் தெரியும். வைரமுடி உற்சவத்துக்கு ஓர் இரவு வருகிறீர்கள். மறுநாள் மத்தியானம் பஸ் ஏறிவிடுகிறீர்கள். அந்தக் கூட்டத்தில் நின்று பேச முடிவதில்லை. அதனால் எல்லோருக்குமாகச் சேர்த்து இந்த மடல்.

நடந்ததை முதலில் சொல்லிவிடுகிறேன். எங்கள் வீதியில் ஒரு பெண் மணிப்பிரவாள வியாக்கியானம் ஒன்றைப் பழைய அச்சுப் புத்தகத்தைப் பார்த்துக் கணினியில் ஏற்றிக்கொண்டிருக்கிறாள். ஒருநாள் காலையில் வாசலில் வந்து நின்றாள். "மாமா, எழுதற சாஃப்ட்வேர் திறக்கவே மாட்டேங்கறது. ஏதோ கோப்பு காணோம்னு வர்றது" என்றாள். போய்ப் பார்த்தேன். விசிரன்டைம்140.டிஎல்எல் கிடைக்கவில்லை என்று திரையின் நடுவில் ஒரு பெட்டி. அதற்குள் அவள் பெங்களூரிலிருக்கும் அண்ணாவிடம் போனில் கேட்டிருக்கிறாள். அவன் சொன்னபடி அந்தப் பெயரை இணையத்தில் தேடி, முன்பின் தெரியாத ஒரு தளத்திலிருந்து கோப்பை இறக்கி, சிஸ்டம்32 என்ற அடைவில் போட்டிருக்கிறாள். இப்போது பழைய பிழைச்செய்தி போய், எண்ணும் எழுத்தும் கலந்த புதிய பிழைச்செய்தி வந்திருந்தது.

அந்த அண்ணா ஆறு வருஷமாக மென்பொருள் எழுதுகிறவன். எனக்கு வருத்தம் அங்கேதான். தெருவில் கிடக்கிற மாத்திரையை எடுத்துத் தங்கையிடம் கொடுப்பானா அவன்?

அவனைக் குறை சொல்வதற்காக இதை எழுதவில்லை. அவன் படித்த படிப்பில் இந்தக் கோப்புகளைப் பற்றி ஒரு பக்கம்கூட யாரும் சொல்லிக்கொடுத்திருக்க மாட்டார்கள். உங்கள் வேலையிலும் அவை கண்ணில் படுவதில்லை. ஒரு வரி எழுதினால் அது ஓடுகிறது. எதன் மேல் நின்று ஓடுகிறது என்று பார்க்க வேண்டிய அவசியமே வருவதில்லை. முப்பது வருஷம் மைசூரில் கணினிகளைப் பராமரித்தவன் நான். அந்த அடித்தளத்தைத்தான் தினமும் பார்த்தேன். அதைப் பற்றி நான்கு வார்த்தை கேளுங்கள்.

நீங்கள் ஷேர்டு லைப்ரரி என்று சொல்வதைத் தமிழில் பகிர்வு நிரலகம் என்று எழுதுகிறார்கள். விண்டோஸில் அதன் பெயர் டிஎல்எல் என்று முடியும். லினக்ஸில் எஸ்ஓ என்று முடியும். பின்னால் ஓர் எண்ணும் ஒட்டிக்கொண்டிருக்கும். தானாக ஓடுகிற நிரல் அல்ல அது. பல நிரல்களுக்கு வேண்டிய ஒரே வேலையை ஒரே இடத்தில் எழுதி வைத்த கோப்பு. கோப்பைத் திறப்பது, எழுத்தை வரைவது, படத்தை விரிப்பது, ரகசியக் குறியிடுவது என்று ஒவ்வொன்றுக்கும் ஒன்று உண்டு.

எங்கள் பாட்டி இருந்த காலத்தில் ஒரே வளவில் மூன்று சமையலறை. ஊர் உலகம் மேல்கோட்டே புளியோகரே என்று சொல்கிறதே, அதற்கான புளிக்காய்ச்சலைப் பாட்டி மாதம் ஒருமுறை பெரிய கற்சட்டியில் காய்ச்சுவாள். புளி, வெல்லம், வறுத்து அரைத்த பொடி, நல்லெண்ணெய் எல்லாம் சேர்ந்து சுண்டி வரும். மூன்று வீட்டுக்கும் அந்தச் சட்டிதான். சாதம் அவரவர் வடிப்பார்கள். நெய்யோ வேர்க்கடலையோ அவரவர் விருப்பம். புளிக்காய்ச்சல் மட்டும் பொது. மூன்று பேர் மூன்று முறை புளி கரைக்க வேண்டியதில்லை. ஒரு மாதம் பெருங்காயம் தூக்கலாகிவிட்டால் மூன்று வீட்டிலும் தூக்கல். அடுத்த மாதம் பாட்டி அதைச் சரி செய்தால் மூன்று வீட்டிலும் சரி. பகிர்வு நிரலகத்தின் நன்மையும் ஆபத்தும் அந்தச் சட்டியிலேயே இருக்கின்றன.

கணினிக்குள் இது எப்படி நடக்கிறது என்பதை உங்கள் கண்ணாலேயே பாருங்கள். லினக்ஸ் உள்ளவர்கள் இன்றே எல்டிடி என்ற கட்டளையைக் கொடுத்து, கூடவே ஏதாவது ஒரு நிரலின் முழு முகவரியைத் தாருங்கள். அந்த நிரல் எந்தெந்த நிரலகங்களைக் கேட்கிறது என்று வரிசையாக வரும். நம்பிக்கையான நிரலுக்கு மட்டும் இதைச் செய்யுங்கள். சில சமயம் அந்தக் கட்டளையே நிரலை ஓட்டிப் பார்த்துவிடும். எதைக் கேட்டாலும் அநேகமாகப் பட்டியலில் லிப்சி இருக்கும். சி மொழியின் அடிப்படை நிரலகம் அது. அளவு ஏறத்தாழ 2 எம்பிதான். உங்கள் மடிக்கணினியில் இந்த நிமிஷம் இருநூறு நிரல் ஓடுகிறது என்று வையுங்கள். ஒவ்வொன்றும் அதைத் தனித்தனியே நினைவகத்தில் வைத்திருந்தால் 400 எம்பி அதற்கே போய்விடும். அப்படி நடப்பதில்லை. கட்டளைகள் உள்ள பகுதியை யாரும் மாற்ற முடியாது, படிக்கவும் ஓட்டவும் மட்டுமே முடியும். ஆகவே அதன் ஒரே பிரதியை இருநூறு நிரலும் தத்தம் முகவரிவெளியில் இருந்தபடி பார்க்கின்றன. மாற்றி எழுதக்கூடிய சிறு பகுதி மட்டும் அவரவருக்குத் தனிப்பிரதி. ஒருவர் எழுதியது இன்னொருவருக்குத் தெரியாது. சட்டி பொது, இலை தனி.

நிரல் ஓடத் தொடங்கும்போது முதலில் விழித்துக்கொள்வது லோடர். எனக்கு இன்னின்ன நிரலகம் வேண்டும் என்று நிரலின் தலைப்பகுதியில் எழுதியிருப்பதைப் படித்து, ஒவ்வொன்றையும் தேடிக் கொண்டுவந்து பொருத்தி, இந்த வேலை இந்த முகவரியில் இருக்கிறது என்று குறித்துக் கொடுத்துவிட்டு விலகிக்கொள்ளும். சில நிரலகங்களை நிரல் பாதி ஓட்டத்தில், தேவைப்படும்போதுதான் வரவழைக்கும். இதை நம்மூர்க்காரனுக்கு விளக்கவே வேண்டாம். வைரமுடிக் கிரீடம் கோயிலில் இருப்பதில்லை; மண்டியா கருவூலத்தில் இருக்கிறது. பங்குனியில் அந்த ஒரு நாள் காவலோடு மேலே வருகிறது, உற்சவர் செல்வப்பிள்ளையின் திருமுடியில் ஏறுகிறது, இரவு வீதி வலம் முடிந்ததும் கருவூலத்துக்குத் திரும்புகிறது.

இனி அந்த எண்ணைப் பற்றி. லிப்சி.எஸ்ஓ.6 என்பதில் இருக்கிற 6 வெறும் பதிப்பு எண் என்று நினைத்துவிடாதீர்கள். அது வாக்கு. இந்த எண் இருக்கும்வரை, என்னை நம்பி எழுதிய பழைய நிரல் எதையும் கைவிட மாட்டேன் என்று நிரலகத்தை எழுதுகிறவர்கள் கொடுத்த வாக்கு. க்னூ லிப்சியின் 2.0 பதிப்பு 1997இல் வந்தது. அன்றிலிருந்து உள்ளே எத்தனையோ மாறியிருக்கிறது. அந்த 6 மாறவில்லை. கால் நூற்றாண்டுக்கு மேல் ஒரு வாக்கைக் காப்பாற்றுவது எந்தத் தொழிலிலும் பெரிய காரியம். எல்லோராலும் அது முடிவதில்லை. ரகசியக் குறியிடும் நிரலகமான ஓப்பன்எஸ்எஸ்எல் 2021இல் 3 என்ற எண்ணுக்கு மாறியது. 2022 ஏப்ரலில் வந்த உபுண்டு 22.04 பழைய 1.1ஐத் தன்னோடு கொண்டுவரவில்லை. அந்த வருஷம் எனக்கு வந்த போன்களில் பாதி, லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.1 காணோம் என்ற புலம்பல்தான். அவர்களும் கண்ட இடத்திலிருந்து பழைய பொதியை இறக்கிப் போட்டுக்கொண்டார்கள். தானாகப் பாதுகாப்புத் திருத்தம் வந்து சேராத பொதி அது.

என் கைத்தவறு ஒன்றையும் சொல்கிறேன், உங்களுக்கு நேராமலிருக்க. 2011இல் மைசூரில் ஒரு சர்வரில் ஏதோ மென்பொருளுக்குப் புதிய லிப்சி வேண்டியிருந்தது. முறைப்படி பதிப்பை உயர்த்தாமல், கையால் மாற்றிவிடலாம் என்று லிப்சி.எஸ்ஓ.6 என்ற இணைப்பை நீக்கினேன். அந்தக் காலத்தில் அது கோப்பல்ல. லிப்சி-2.11 என்று தொடங்கும் உண்மையான கோப்பைச் சுட்டுகிற ஓர் இணைப்பு. அதை நீக்கிவிட்டுப் புதியதைப் போட என்டர் தட்டினேன். ஓடவில்லை. இணைப்பை உருவாக்குகிற கட்டளையே லிப்சியை நம்பி எழுதிய நிரல். அடைவைப் பார்க்கிற எல்எஸ், நகலெடுக்கிற சிபி, எடிட்டர் எதுவும் ஓடவில்லை. வெளியிலிருந்து புதிதாக உள்ளே நுழையவும் வழியில்லை. நான் உட்கார்ந்திருந்த அந்த ஒரு கறுப்புத் திரை மட்டும் உயிரோடிருந்தது. அது ஏற்கெனவே லிப்சியை நினைவகத்தில் ஏற்றிக்கொண்ட நிரல். அதைத் தவறி மூடியிருந்தால் அதுவும் போயிருக்கும்.

சென்னையிலிருந்த நண்பரை அழைத்தேன். அவர் கேட்ட முதல் வார்த்தை: "சார், அந்த ஜன்னலை மூடிடலையே?" இல்லை என்றேன். எல்எஸ் ஓடாவிட்டால் எக்கோவும் ஒரு நட்சத்திரக் குறியும் போட்டுப் பாருங்கள், அது ஷெல்லுக்குள்ளேயே இருக்கிற கட்டளை என்றார். போட்டேன். அடைவிலிருந்த பெயரெல்லாம் ஒரே வரியில் கொட்டின. லிப்சி-2.11 அங்கேயே இருந்தது. கோப்பு போகவில்லை, அதற்குப் போகும் வழி மட்டும்தான் போயிருந்தது. பிறகு எல்டி_ப்ரீலோட் என்ற மாறியில் அந்தக் கோப்பின் முழு முகவரியைக் கொடுத்து, அதே வரியில் இணைப்பை உருவாக்கும் கட்டளையைத் தட்டச் சொன்னார். எழுத்தெழுத்தாகத் தட்டினேன். எல்எஸ் மறுபடி ஓடியது. சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. இரண்டு சொல் நீளமுள்ள ஓர் இணைப்பு அறுந்தால் ஒரு சர்வர் முழுக்க ஊமையாகும் என்பதை அன்றைக்குத்தான் உடம்பால் தெரிந்துகொண்டேன்.

இவ்வளவும் பொறியாளர்களின் விவகாரம், நம் எழுத்துக்கும் இதற்கும் என்ன என்று கேட்பீர்கள். அங்கேதான் வருகிறேன்.

"கொ" என்று தட்டுங்கள். கணினிக்குள் முதலில் இருப்பது ககரம், அதன்பின் ஒகரக்குறி. திரையில் வருவதோ கொம்பு, ககரம், கால் என்ற வரிசை. ஒரு குறி இரண்டாகப் பிரிந்து, ஒரு பாதி எழுத்துக்கு முன்னாலும் ஒரு பாதி பின்னாலும் போய் நிற்கிறது. இதை உங்கள் எடிட்டர் செய்வதில்லை, உலாவியும் தானாகச் செய்வதில்லை. ஒரு பகிர்வு நிரலகம் செய்கிறது. விண்டோஸில் அதன் பெயர் யுஎஸ்பி10.டிஎல்எல். யூனிஸ்கிரைப் என்பார்கள். விண்டோஸ் 2000இல்தான் அது லதா எழுத்துருவோடு தமிழுக்கு வந்தது. கன்னடத்துக்கு துங்கா எழுத்துரு எக்ஸ்பியில் வந்தது. 98 வைத்திருந்த தமிழ் வாசகர் பலர் புதிய இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரரை ஏற்றிக்கொண்டதே அதோடு கூட வரும் அந்தக் கோப்புக்காகத்தான். யூனிகோடு அட்டவணையில் தமிழ் 1991இலேயே ஏறிவிட்டது. ஆனால் கொம்பு எழுத்துக்குப் பின்னால் போய்க் குந்திக்கொள்ளாமல் தமிழ் வாசிக்க, நம்மில் பலர் அந்த ஒரு கோப்புக்காகத்தான் காத்திருந்தோம்.

லினக்ஸிலும் ஆண்ட்ராய்டிலும் குரோம், ஃபயர்ஃபாக்ஸ், லிப்ரெஆபிஸ் ஆகியவற்றிலும் இந்த வேலையைச் செய்வது ஹார்ஃப்பஸ். ஈரானில் பிறந்த பெஹ்தாத் எஸ்ஃபஹ்பொத் பல்லாண்டு உழைத்து வளர்த்தது. பாரசீகத்தில் ஹர்ஃப் என்றால் எழுத்து, பாஸ் என்றால் திறந்த. ஓப்பன்டைப் என்ற பெயரின் பாரசீக வடிவம் அது. இந்த மடலை நீங்கள் கைபேசியில் படித்தால் பெரும்பாலும் அவர் எழுதிய நிரல்தான் உங்களுக்குக் கொம்பை முன்னால் கொண்டுவந்து வைக்கிறது. நம்மூரில் ஒரே பக்கத்தில் தமிழும் கன்னடமும் கிரந்தமும் வரும். கன்னட ஒத்தட்சரத்தை அடியில் இறக்குவதும் அதே நிரலகம்தான். கிரந்த எழுத்து யூனிகோடில் 2014இல் 7.0 பதிப்பில் சேர்ந்தது. அதன் கூட்டெழுத்துகளை அடுக்குவதும் அதே கைதான். நம் சம்ஸ்கிருத சம்சோதன சம்சத்தின் சுவடி அலமாரிகளைப் பார்த்து வளர்ந்தவர்கள் நீங்கள். அந்த ஏடுகளில் இருப்பது நாளைக்குத் திரையில் சரியாகத் தெரியுமா தெரியாதா என்பதை இப்படிப்பட்ட நாலைந்து கோப்புகள்தான் முடிவு செய்யப்போகின்றன.

பொதுச் சட்டியில் பிசகு வந்தால் என்ன ஆகும் என்பதற்கும் நம் எழுத்துகளிலிருந்தே உதாரணம் உண்டு. 2018 பிப்ரவரியில் ஐபோன்கள் ஒரு தெலுங்கு எழுத்தைக் கண்டதும் விழுந்தன. ஜ்ஞானம் என்று எழுதத் தொடங்கும்போது வருகிற ஜ்ஞா என்ற கூட்டெழுத்து, கூடவே கண்ணுக்குத் தெரியாத, இணைப்பைத் தடுக்கும் ஒரு குறி. செய்தி வந்த செயலி மூடிக்கொண்டது. மறுபடி திறந்தால் அதே எழுத்தை மறுபடி வரையப் போய் மறுபடி மூடிக்கொண்டது. ஒரு செயலியில் மட்டுமல்ல, பல செயலிகளில். எல்லாமே எழுத்தை வரையும் வேலையை ஒரே நிரலகத்திடம் ஒப்படைத்திருந்தன. ஐஓஎஸ் 11.2.6 என்ற ஒரே திருத்தம் வந்ததும் அத்தனை செயலியும் ஒன்றாகத் தேறின. அந்தச் செயலிகளை எழுதியவர்கள் ஒரு வரியும் மாற்ற வேண்டியிருக்கவில்லை.

இதைக் கேட்டுவிட்டு, பொதுவே வேண்டாம், என் நிரலுக்கு வேண்டியதை என் பொட்டலத்துக்குள்ளேயே கட்டிக்கொள்கிறேன் என்பீர்கள். இன்றைய பழக்கம் அதுதான். கன்டெய்னர், ஃபிளாட்பேக், எலக்ட்ரான் எல்லாம் அந்த வழி. அதில் நியாயமும் இருக்கிறது. ஒரு நிரலின் தேவை இன்னொன்றைக் கெடுப்பதில்லை. விண்டோஸ் 95, 98 காலத்தில் ஒவ்வொரு மென்பொருளும் தன் டிஎல்எல்லைப் பொது அடைவில் கொட்டி, அடுத்தவனுடையதை அழித்த கூத்தைப் பார்த்தவன் நான். ஆனால் 2023 செப்டம்பரை மறந்துவிடாதீர்கள். படங்களை விரிக்கிற லிப்வெப்பி நிரலகத்தில் ஓர் ஓட்டை தெரிந்தது. கணினியின் பொதுப் பிரதியை நம்பிய நிரல்களுக்கு ஒரே மேம்படுத்தல் போதுமாயிருந்தது. உள்ளே தனிப்பிரதி கட்டிவைத்திருந்த உலாவிகளும் அரட்டைச் செயலிகளும் எடிட்டர்களும் ஒவ்வொன்றாகத் திருத்தம் கொடுக்க வேண்டி வந்தது. மூன்று சமையலறையும் தனித்தனியே காய்ச்சினால் கெட்ட புளி எந்தெந்தச் சட்டியில் விழுந்தது என்று ஒவ்வொன்றாக மோந்து பார்க்க வேண்டும். தனியாகக் கட்டிக்கொள்வது தப்பில்லை. கட்டிக்கொண்டதை மறந்துவிடுவது தப்பு. உங்கள் பொட்டலத்துக்குள் எத்தனை நிரலகம் இருக்கிறது, எந்தப் பதிப்பு என்று கேட்டால் உங்களில் எத்தனை பேரால் இன்று சொல்ல முடியும்?

எனக்குத் தூக்கம் போன சம்பவம் இன்னொன்று. 2024 மார்ச் 29இல் அது வெளியே வந்தது. ஆண்ட்ரெஸ் ஃபிராய்ண்ட் என்ற போஸ்ட்கிரெஸ் பொறியாளர் தன் கணினியில் எஸ்எஸ்எச் நுழைவு அரை வினாடி கூடுதலாக எடுப்பதைக் கவனித்தார். அரை வினாடி. பலர் விட்டுவிட்டுப் போயிருப்பார்கள். அவர் நூல் பிடித்துக்கொண்டே போனார். எக்ஸ்இசட் என்ற சுருக்கி மென்பொருளின் நிரலகமான லிப்எல்இசட்எம்ஏவில், 5.6.0, 5.6.1 பதிப்புகளில், யாரோ திட்டமிட்டுப் பின்கதவு வைத்திருந்தார்கள். எஸ்எஸ்எச்சுக்கும் சுருக்கலுக்கும் நேரடிச் சம்பந்தமே இல்லை. சில லினக்ஸ் வெளியீடுகள் எஸ்எஸ்எச் சேவையை சிஸ்டம்டி நிரலகத்தோடு பிணைத்திருந்தன. அந்த நிரலகம் லிப்எல்இசட்எம்ஏவைத் தன்னோடு இழுத்து வந்தது. உறவுக்காரனின் உறவுக்காரனாகக் கல்யாண வீட்டுக்குள் நுழைந்த மாதிரி. நிலையான வெளியீடுகளில் பரவும் முன்பே பிடிபட்டது நம் அதிர்ஷ்டம்.

அதன் பின்னணிதான் உங்களிடம் நான் சொல்ல வந்தது. அந்த நிரலகத்தைப் பல வருஷம் தனியொருவராகக் காத்துவந்தவர் லாஸ்ஸே கோல்லின். சம்பளமில்லாத வேலை. அவர் களைத்திருந்த நேரத்தில் ஜியா டான் என்ற பெயரில் ஒருவர் உதவிக்கு வந்தார். இரண்டு வருஷத்துக்கு மேல் ஒழுங்காக வேலை செய்து நம்பிக்கை பெற்றார், பொறுப்பும் பெற்றார், பிறகு பின்கதவை வைத்தார். இடையில், ஏன் தாமதம், ஏன் இன்னொருவரிடம் பொறுப்பைக் கொடுக்கவில்லை என்று கோல்லினை நெருக்கிய குரல்களும் இருந்தன. அதற்குப் பத்து வருஷம் முன்பு, 2014 ஏப்ரலில், ஓப்பன்எஸ்எஸ்எல்லின் ஹார்ட்பிளீட் ஓட்டை வெளிவந்தபோதும் இதே கதைதான் தெரிந்தது: உலகத்து வங்கிகளும் கடைகளும் நம்பியிருந்த நிரலகத்துக்கு வருஷ நன்கொடை ஏறத்தாழ 2000 டாலர். நம் கல்யாணியைத் தூர்வார ஆளில்லை என்றால் ஊரே பேசும். இங்கே உலகம் முழுக்கத் தண்ணீர் மொண்டுகொண்டிருக்கிறது. தூர்வார நிற்பது ஒரே ஆள்.

ஆகவே நான் கேட்பது இரண்டு விஷயம். ஒன்று வீட்டுக்கு, ஒன்று வெளிக்கு.

வீட்டில் அம்மாவோ தங்கையோ டிஎல்எல் காணோம் என்று கூப்பிட்டால், கோப்பைத் தேடி இறக்கச் சொல்லாதீர்கள். அந்தக் கோப்பு எந்தத் தொகுப்பைச் சேர்ந்தது என்று பாருங்கள். விசிரன்டைம்140 மைக்ரோசாஃப்டின் விஷுவல் சி++ மறுவிநியோகத் தொகுப்பைச் சேர்ந்தது. அதை மைக்ரோசாஃப்டின் தளத்திலிருந்தே எடுத்து நிறுவினால் அதன் உடன்பிறப்புகளும் சரியான இடத்தில் வந்து உட்காரும். அந்தப் பெண் வீட்டில் நடந்தது என்ன தெரியுமா? இறக்கியது 32 பிட் கோப்பு, போட்டது சிஸ்டம்32 அடைவில். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 என்பது 64 பிட் கோப்புகளுக்கான இடம். 32 பிட்டுக்கு சிஸ்வாவ்64. பெயர் தலைகீழாகத் தோன்றும், நிஜம் அதுதான். நான் அந்தக் கோப்பை நீக்கி, தொகுப்பை நிறுவி, வைரஸ் சோதனையும் ஓட்டி முடிக்கப் பாதி நாள் ஆயிற்று. போனிலேயே பத்து நிமிஷத்தில் அவன் செய்திருக்கக்கூடிய வேலை. இடம் போதவில்லை என்று பொது அடைவில் பெயர் தெரியாத கோப்புகளை அழிப்பதையும் நிறுத்தச் சொல்லுங்கள். மேம்படுத்தலைத் தள்ளிப்போடுகிற பழக்கத்தையும்.

வெளி விஷயம் பெரியது. நீங்கள் தினமும் சாப்பிடுகிற சட்டிக்கு மாதத்தில் இரண்டு மணி நேரம் கொடுங்கள். நிரல் எழுதித்தான் தர வேண்டும் என்பதில்லை. தமிழ் எங்கே உடைகிறதென்று சோதித்து, எந்த நிரலகம், எந்தப் பதிப்பு, எந்த எழுத்து வரிசை என்று ஒழுங்காக எழுதி அனுப்பினாலே பெரிய உதவி. ஒற்றை ஆளாக ஒரு நிரலகத்தைக் காத்துவருகிறவருக்கு, ஏன் இன்னும் சரி செய்யவில்லை என்று கடிதம் போடாதீர்கள். நான் இந்தச் சோதனையைச் செய்து தரட்டுமா என்று கேளுங்கள். உங்கள் நிறுவனம் அதை வைத்துச் சம்பாதிக்கிறதென்றால், மேலாளரிடம் போய் நன்கொடைக்குப் பேசுங்கள்.

எங்கே தொடங்குவது என்று கேட்பவர்களுக்கு ஓர் இடம் காட்டுகிறேன். அந்தப் பெண்ணின் கணினி சரியான பிறகு அவள் இன்னொன்று கேட்டாள். "மாமா, இந்த அத்தியாயத்துல ஸ்ரீ எத்தனையோ தடவை வர்றது. தேடினா பாதிதான் காட்டறது. ஏன்?" உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பிரித்துப் பார்த்தேன். பாதி இடங்களில் ஸகரம், புள்ளி, ரீ என்ற வரிசை. மீதி இடங்களில் யூனிகோடில் 2005இல் 4.1 பதிப்பில் சேர்ந்த ஶகரம், புள்ளி, ரீ. எழுத்துரு இரண்டையும் ஒரே உருவமாகத்தான் வரைகிறது. கண்ணுக்கு வித்தியாசமே இல்லை. அவள் ஒரு விசைப்பலகையில் தட்டினாள், அவளுக்கு முன் தட்டியவர் வேறொன்றில். கணினிக்கு இரண்டும் வேறுவேறு சொல். ஓகாரத்தை ஒரே குறியாகத் தட்டினாலும் இரட்டைக்கொம்பும் காலுமாகப் பிரித்துத் தட்டினாலும் யூனிகோடின் சீராக்க விதி இரண்டையும் ஒன்றாக்கிவிடும். ஸ்ரீக்கு அந்த விதி கிடையாது.

நம்மூர் ஏடுகளில் ஸ்ரீ இல்லாத பக்கம் இல்லை. நாளைக்கு ஆயிரம் பக்கம் ஏறிய பிறகு ஒருவர் ஸ்ரீபாஷ்யம் என்று தேடினால் பாதி மறைந்துபோகும். மறைந்தது என்றுகூட அவருக்குத் தெரியாது. ஒவ்வொரு மென்பொருளிலும் தனித்தனியே இதைச் சரி செய்வது வீண். எழுத்துகளை ஒப்பிடும், தேடும் வேலைக்கு ஐசியு என்ற பொது நிரலகம் இருக்கிறது. யூனிகோடு கூட்டமைப்பு அதை நடத்துகிறது. அப்படிப்பட்ட இடத்தில், தேடும்போது இந்த இரண்டையும் ஒன்றாகக் கொள்ள வழி செய்தால், அதை நம்பிய நிரலெல்லாம் ஒரே நாளில் பயன்பெறும். அதற்கு முதலில் யாராவது தெளிவாக எழுத வேண்டும்: உதாரணங்களோடு, இரண்டு வரிசையின் எண்களோடு, தமிழில் இது ஏன் ஒரே எழுத்து என்ற காரணத்தோடு. அந்தக் காரணத்தை மேல்கோட்டைக்காரனைவிட நன்றாக யார் எழுதுவார்கள்?

பங்குனியில் வைரமுடிக்கு வரும்போது மறுநாள் பஸ்ஸைச் சாயங்காலத்துக்குத் தள்ளிப்போடுங்கள். காலையில் எங்கள் வீட்டுத் திண்ணையில் உட்காரலாம். நெட் வருகிறது, மத்தியானத்துக்குப் புளியோதரை உண்டு. அவள் தட்டிய அத்தியாயத்தையும், ஸ்ரீ பிரிந்து கிடக்கிற இடங்களின் பட்டியலையும் எடுத்து வைத்திருக்கிறேன். மடிக்கணினியோடு வாருங்கள்.

அன்புடன்,
உங்கள் ஊர்க்காரன்
திருநாராயணபுரம்